தோள்மேல் ஒரு கரம்



வேற்று மாநிலத்து நகரமொன்றில், மொழி தெரியாத பள்ளிக்கூடத்தின் வாசலில் உங்கள் பிள்ளையை முதல் நாள் விட்டுவிட்டுத் திரும்பிய காலைவேளை உங்களில் பலருக்கு நினைவிருக்கும். அப்படிப்பட்ட பிள்ளைக்குப் பாடவேளையைக் காட்டிலும் கடினமாயிருப்பது இடைவேளைதான். வகுப்பறையில் எல்லாரும் வரிசையாக உட்கார்ந்திருக்கிறார்கள். மைதானத்திலோ இரண்டு தலைவர்கள் நின்று, தங்கள் தங்கள் அணிக்கு ஒவ்வொருவராகப் பெயர் சொல்லி அழைக்கிறார்கள். கடைசிவரை பெயர் சொல்லப்படாமல் நிற்கிற பிள்ளையின் முகம் எப்படியிருக்கும் என்பதை நான் விவரிக்கவேண்டியதில்லை.

அப்படி நின்ற ஒரு சிறுமியைப் பற்றி, பெட் பாவ் லார்ட் என்னும் எழுத்தாளர் எழுதிய சிறுவர் நாவல் 1984ஆம் ஆண்டில் அமெரிக்காவில் வெளியாயிற்று. 'இன் த இயர் ஆஃப் த போர் அண்ட் ஜாக்கி ராபின்சன்' என்பது அதன் பெயர். சீன நாட்காட்டியில் காட்டுப்பன்றியின் பெயரைத் தாங்கிய 1947ஆம் ஆண்டையும், அவ்வாண்டில் அமெரிக்காவைக் கலக்கிய ஒரு பேஸ்பால் வீரரையும் அந்தத் தலைப்பு இணைக்கிறது. ஆசிரியையே 1938இல் ஷாங்காயில் பிறந்து, சிறுவயதில் நியூயார்க் நகரின் ப்ரூக்ளின் பகுதிக்குக் குடியேறியவர். எனவே அந்நியப் பள்ளிக்கூடத்தின் தனிமையை அவர் கற்பனையினால் மட்டும் எழுதவில்லை.

கதையின் சிறுமி சீனாவிலிருந்து தாயோடு கப்பலேறி வந்து ப்ரூக்ளினில் தந்தையைச் சேருகிறாள். தனக்கென்று ஷெர்லி டெம்பிள் வாங் என்று ஒரு அமெரிக்கப் பெயரையும் சூட்டிக்கொள்கிறாள். வயது என்ன என்று கேட்டபோது சீனக் கணக்கின்படி பத்து விரல்களைக் காட்டியதால், தன்னைவிட மூத்த பிள்ளைகள் நிறைந்த ஐந்தாம் வகுப்பில் போடப்படுகிறாள். காலைதோறும் வகுப்பில் சொல்லப்படும் தேசிய உறுதிமொழி அவள் காதில் வேறுவிதமாக விழுகிறது. கொடிக்குச் சொல்லவேண்டிய பற்றுறுதியை அவள் பயபக்தியோடு தவளைக்குச் சொல்லிக்கொண்டிருக்கிறாள்! வாசிக்கும்போது சிரிப்பு வருகிறது. ஆனால் புது மொழியில் பிள்ளைகள் செய்யும் இப்படிப்பட்ட தவறுகளுக்கு வகுப்பு முழுவதும் சிரிக்கும்போது, அந்தப் பிள்ளை சிரிப்பதில்லை.

வகுப்பிலேயே பலசாலியான மேபிள் என்னும் சிறுமியோடு ஷெர்லிக்குத் தற்செயலாக மோதல் உண்டாகிறது. மேபிளின் குத்தினால் அவளுடைய இரண்டு கண்களும் கறுத்துப்போகின்றன. யார் அடித்தது என்று பெரியவர்கள் எவ்வளவு கேட்டும் ஷெர்லி காட்டிக்கொடுக்கவில்லை. அதைக் கண்ட மேபிள் மனம் மாறுகிறாள். பிறகு அவள் செய்வதுதான் இந்நாவலில் என் மனதைத் தொட்ட இடம். மட்டையை எந்தப் பக்கம் பிடிப்பது என்றுகூடத் தெரியாத ஷெர்லியைத் தன் தெருப்பந்து அணியில் சேர்த்துக்கொள்கிறாள். மற்றப் பிள்ளைகள் முணுமுணுக்கிறார்கள். மேபிளோ தன் தீர்மானத்திலிருந்து அசையவில்லை. அருகில் நின்று கற்றுக்கொடுக்கிறாள்.

கவனியுங்கள். ஷெர்லி நன்றாக விளையாடியதால் சேர்த்துக்கொள்ளப்படவில்லை. சேர்த்துக்கொள்ளப்பட்டதால்தான் விளையாடக் கற்றுக்கொண்டாள்.

விளையாட்டைப் பற்றிச் சில வார்த்தைகள்

பேஸ்பால் நமக்குப் பழக்கமில்லாத விளையாட்டு என்றாலும் கிரிக்கெட் அறிந்த நமக்கு அது விளங்காத புதிர் அன்று. ஒருவர் பந்தை எறிகிறார். மற்றொருவர் உருண்டையான மட்டையால் அடிக்கிறார். அடித்தபின் சதுரமாக அமைந்த நான்கு தளங்களையும் ஒன்றன்பின் ஒன்றாகத் தொட்டு, புறப்பட்ட இடத்துக்கே திரும்பிவந்தால் ஒரு ரன். நல்ல பந்தை மூன்று முறை தவறவிட்டால் ஆட்டமிழப்பு.

பிள்ளைகளுக்கு இவ்விளையாட்டு நல்ல ஆசிரியராக இருப்பதற்கு ஒரு காரணம், இதில் தோல்வி மிகச் சாதாரணம். டெட் வில்லியம்ஸ் 1941ஆம் ஆண்டில் பெற்ற .406 என்னும் அடிச் சராசரியை இன்றும் அதிசயமாகப் பேசுகிறார்கள். அதன் பொருள், கணக்கில் வரும் பத்து வாய்ப்புகளில் அவர் வெற்றிகரமாக அடித்தது ஏறக்குறைய நான்கு முறை என்பதுதான்! மீதி ஆறு முறையும் அந்த மாவீரர் தலைகுனிந்து திரும்பி நடந்தார். மேலும், ஆட்டப் பலகையில் ரன்களும் அடிகளும் எழுதப்படும் வரிசையிலேயே, பந்தைப் பிடிப்பதிலும் எறிவதிலும் அணி செய்த பிழைகளின் எண்ணிக்கையும் எழுதப்படுகிறது. பிழையை மறைக்க அங்கே இடமில்லை.

இன்னொன்றும் உண்டு. தளத்தில் நிற்கும் தோழன் முன்னேறும்படி, அடிப்பவர் பந்தை மெதுவாகத் தட்டிவிட்டுத் தாம் ஆட்டமிழந்துபோவதுண்டு. இதற்கு விதிப்புத்தகமே 'சாக்ரிஃபைஸ்', அதாவது பலி என்று பெயரிட்டிருக்கிறது. அப்படி ஆட்டமிழந்தது அவருடைய சராசரியைக் குறைப்பதில்லை. பிரசங்கியார் ஒருவர் கையில் இது கிடைத்தால் எளிதில் விடமாட்டார் என்பது உங்களுக்குத் தெரியும், நான் விட்டுவிடுகிறேன்.

நாற்பத்திரண்டாம் எண்

ஷெர்லியின் நாவலில் பின்னணியாக நிற்கும் ஜாக்கி ராபின்சனைப் பற்றித் தனியே சொல்லவேண்டும். அமெரிக்காவின் பெரிய பேஸ்பால் அணிகளில் அறுபது ஆண்டுகளுக்கு மேலாகக் கறுப்பினத்தவருக்கு இடமில்லாதிருந்தது. அவர்கள் தங்களுக்கென்று தனி லீக்குகளை நடத்திவந்தார்கள். ப்ரூக்ளின் டாட்ஜர்ஸ் அணியின் தலைவரான பிராஞ்ச் ரிக்கி இத்தடையை உடைக்கத் தீர்மானித்து, 1945 ஆகஸ்ட் 28 அன்று ராபின்சனைத் தம் அலுவலகத்துக்கு அழைத்தார். ரிக்கி மெதடிஸ்ட் சபையைச் சேர்ந்தவர். ஞாயிற்றுக்கிழமைகளில் மைதானத்துக்குச் செல்லாதவர். (அவருடைய அணி ஞாயிற்றுக்கிழமைகளில் விளையாடத்தான் செய்தது என்பதைச் சிலர் சுட்டிக்காட்டிச் சிரிப்பதுண்டு.) அன்று அவர் ராபின்சனுக்கு நேரவிருக்கும் வசைகளையெல்லாம் தாமே நடித்துக்காட்டினார். இத்தாலிய எழுத்தாளர் ஜொவான்னி பாப்பினி எழுதிய கிறிஸ்துவின் வாழ்க்கை வரலாற்றிலிருந்து, மறு கன்னத்தைக் காட்டுவதைப் பற்றிய பகுதியையும் அவர்முன் வைத்தார். திருப்பி அடிக்காதிருக்கும் துணிவு உமக்கு உண்டா என்பதே அவர் கேட்டதன் சாரம்.

ராபின்சன் சம்மதித்தார். 1947 ஏப்ரல் 15 அன்று 42ஆம் எண் சட்டையோடு களமிறங்கினார். எதிரணியினரின் நிந்தை, பார்வையாளரின் கூச்சல், கொலை மிரட்டல் கடிதங்கள் ஆகிய எல்லாவற்றையும் சகித்தார். அவ்வாண்டின் சிறந்த புதுமுக வீரர் என்னும் விருதும் அவருக்கே கிடைத்தது.

இந்த வரலாற்றைச் சிறு பிள்ளைகளுக்குச் சொல்லும் படப்புத்தகங்களில் சிறந்த ஒன்று, பீட்டர் கோலன்பாக் எழுதி பால் பேக்கன் படம் வரைந்து 1990இல் வெளிவந்த 'டீம்மேட்ஸ்'. 'அணித் தோழர்கள்' என்று பொருள். இதன் சிறப்பு என்னவென்றால், ராபின்சனுக்கு நிகராக இன்னொருவரையும் இது நிறுத்துகிறது. அவர் பீ வீ ரீஸ். இனப்பாகுபாடு வேரூன்றியிருந்த கென்டக்கி மாநிலத்தில் பிறந்த வெள்ளையர். ராபின்சனோடு விளையாடமாட்டோம் என்று டாட்ஜர்ஸ் வீரர்கள் சிலர் ஒரு மனுவைச் சுற்றுக்கு விட்டபோது ரீஸ் கையெழுத்திட மறுத்தார். ராபின்சன் முன்பு விளையாடிவந்த இடம் ரீஸ் விளையாடிய அதே இடம். உன் இடத்தையே அவன் பறித்துக்கொள்வானே என்று கேட்டவர்களுக்கு, அதற்குரிய திறமை அவனுக்கு இருந்தால் அது அவனுக்கே உரியது என்ற கருத்தில் அவர் பதிலளித்தார்.

புத்தகத்தின் உச்சகட்டம் சின்சினாட்டி நகர மைதானம். ரீஸ் பிறந்த மாநிலத்தை ஒட்டிய ஊர் அது. பார்வையாளரில் அவருடைய மாநிலத்தவரும் இருந்தார்கள். ராபின்சனை நோக்கி வசைமாரி பொழிந்துகொண்டிருக்கையில், ரீஸ் தம் இடத்தைவிட்டுக் குறுக்கே நடந்துவந்து, எல்லாரும் காண அவர் தோள்மேல் கையைப் போட்டு நிற்கிறார். அரங்கம் அடங்கிப்போகிறது. இச்சம்பவம் எந்த ஆண்டில், எந்த ஊரில் நடந்தது என்பதில் ஆய்வாளர்கள் ஒத்துப்போவதில்லை. ராபின்சனே பின்னாளில் அதைப் பாஸ்டன் நகரத்தோடு சேர்த்துச் சொல்லியிருக்கிறார். ஆனால் இருவருடைய சிநேகத்தில் ஐயமில்லை. தோள்மேல் கையிட்டு நிற்கும் அவ்விருவரின் சிலை 2005இல் ப்ரூக்ளினில் நிறுவப்பட்டது.

இங்கே ஒரு எச்சரிக்கை

பிரியமானவர்களே, ராபின்சனின் கதையைப் பிள்ளைகளுக்குச் சொல்லும்போது நாம் எளிதில் வழுக்கி விழக்கூடிய ஒரு இடம் உண்டு. பள்ளியில் கேலிக்குள்ளான பிள்ளை அழுதுகொண்டு வரும்போது, "பார், ராபின்சன் எப்படிப் பொறுத்துக்கொண்டார்! நீயும் பொறுத்துக்கொள்" என்று சொல்லிவிட்டு நம் வேலைக்குத் திரும்பிவிடுகிறோம். இது கதையைப் பாதியில் மூடிவிடுவதாகும்.

ராபின்சன் அப்போது சிறு பிள்ளை அல்லர். இருபத்தெட்டு வயது நிரம்பியவர், இராணுவத்தில் பணியாற்றியவர், மணமானவர். நேரவிருப்பது இன்னதென்று முன்கூட்டியே அறிந்து, தாமாகத் தெரிந்துகொண்ட பாதை அது. அந்த மௌனமும் என்றைக்குமானதன்று. 1949 முதல் அவர் வாய் திறந்து தம் உரிமைக்காகப் பேசினார். அவ்வாண்டே தம் லீக்கின் மிக மதிப்புமிக்க வீரராகத் தெரிந்தெடுக்கப்பட்டார். 1972இல் மரிக்குமட்டும் கறுப்பின மக்களின் உரிமைக்காகக் குரல் கொடுத்துவந்தார்.

எனவே நல்ல பேஸ்பால் புத்தகங்கள் விளையாட்டு உணர்வு என்று எதைக் கற்பிக்கின்றன? தோற்றபின் கைகுலுக்குவதையும், நடுவரோடு வாதிடாதிருப்பதையும் நாம் உடனே சொல்லுவோம். அவை தேவைதான். ஆனால் 'டீம்மேட்ஸ்' கேட்பது நிந்திக்கப்படுகிறவனிடத்தில் அல்ல, அவன் பக்கத்தில் பத்திரமாக நிற்கிறவனிடத்தில். ரீஸுக்கு எந்த ஆபத்தும் இருந்ததில்லை. தம் இடத்திலேயே நின்று, தரையைப் பார்த்துக்கொண்டு, ஆட்டம் தொடங்கட்டும் என்று காத்திருந்தால் ஒருவரும் அவரைக் குறைசொல்லியிருக்கமாட்டார்கள். பொறுமையைப் போதிக்க அவசரப்படும் நாம், குறுக்கே நடந்துசெல்வதைப் போதிக்க ஏன் தயங்குகிறோம்?

முள்வேலிக்குள் ஒரு மைதானம்

ஜப்பானிய அமெரிக்கரின் துயரத்தைச் சொல்லும் படப்புத்தகம், கென் மோச்சிசுகி எழுதி டாம் லீ படம் வரைந்த 'பேஸ்பால் சேவ்டு அஸ்'. இது 1993இல் வெளிவந்தது. பேர்ல் துறைமுகத் தாக்குதலுக்குப் பின், 1942 பிப்ரவரியில் அதிபர் ரூஸ்வெல்ட் பிறப்பித்த ஆணையின் விளைவாக ஏறக்குறைய 1,20,000 ஜப்பானிய வம்சாவளியினர் வீடுகளைவிட்டு அகற்றப்பட்டு முகாம்களில் அடைக்கப்பட்டார்கள். அவர்களில் பெரும்பாலோர் அமெரிக்கக் குடிமக்கள். குற்றச்சாட்டு இல்லை, விசாரணையும் இல்லை.

அப்படியொரு முகாமில் வேலையும் ஒழுங்கும் இல்லாமல் குடும்பங்கள் சிதையத் தொடங்குகின்றன. மூத்த மகன் தகப்பனை எதிர்த்துப் பேசுகிறான். அதைக் கண்ட தகப்பன் பாலைவனப் புழுதியில் ஒரு பேஸ்பால் மைதானம் அமைக்கத் தீர்மானிக்கிறார். தாய்மார் மெத்தை உறைகளைக் கிழித்துப் பிள்ளைகளுக்குச் சீருடை தைக்கிறார்கள். இது வெறுங்கற்பனை அன்று. அரிசோனாவின் கிலா ரிவர் முகாமில் கெனிச்சி செனிமுரா என்பவர் உண்மையாகவே அப்படியொரு மைதானத்தை அமைத்தார். அவரைப் பற்றி மரிஸ்ஸா மாஸ் எழுதிய 'பார்ப்ட் வயர் பேஸ்பால்' என்னும் படப்புத்தகம் 2013இல் வெளிவந்தது. இம்மக்களுக்கு இழைத்த அநீதிக்காக அமெரிக்க அரசு 1988இல் சட்டமியற்றி மன்னிப்புக் கேட்டு, உயிரோடிருந்த ஒவ்வொருவருக்கும் 20,000 டாலர் இழப்பீடு வழங்க ஒப்புக்கொண்டது.

மோச்சிசுகியின் புத்தகம் எனக்குப் பிடித்தமானதே. ஆயினும் ஒரு குறையைச் சொல்லாதிருக்க முடியவில்லை. குள்ளனென்று கேலி செய்யப்படும் சிறுவன், காவற்கோபுரத்திலிருந்து பார்த்துக்கொண்டிருக்கும் காவலன்மேல் எழுந்த கோபத்தையெல்லாம் கையில் திரட்டி, பந்தைத் தூரமாக அடித்துவிடுகிறான், காவலன் புன்னகைக்கிறான். போர் முடிந்து ஊர் திரும்பியபின்னும், தனிமையில் மதிய உணவு உண்ணும் அவனுக்கு அதேபோன்ற ஒரு அடிதான் கைகொடுக்கிறது. விளையாட்டைப் பற்றிய சிறுவர் கதைகள் பலவற்றுக்கும் இந்தப் பழக்கம் உண்டு: ஒதுக்கப்பட்ட பிள்ளை கடைசி நேரத்தில் ஒரு பெரிய அடி அடிக்கிறது, எல்லாரும் தோளில் தூக்கிக்கொள்ளுகிறார்கள். அப்படியானால் அந்த அடியை ஒருநாளும் அடிக்க முடியாத பிள்ளையின் கதி என்ன? உங்கள் பிள்ளைக்கு இதை வாசித்துக்காட்டினால், முடிவில் இக்கேள்வியையும் கேட்டுப்பாருங்கள். பிள்ளைகள் சொல்லும் பதில் பெரியவர்களைச் சிந்திக்க வைக்கும்.

நடுவரும் பெற்றோரும்

எர்னஸ்ட் தேயர் 1888இல் சான் பிரான்சிஸ்கோ நாளிதழ் ஒன்றில் எழுதிய 'கேசி அட் த பேட்' என்னும் நகைச்சுவைக் கவிதை இன்றும் படப்புத்தகங்களாக வந்துகொண்டிருக்கிறது. 2000ஆம் ஆண்டில் கிறிஸ்டோபர் பிங் வரைந்த பதிப்பு கால்டிகாட் கௌரவ விருது பெற்றது. ஊரே நம்பியிருக்கும் கேசி, மேட்டிமையினால் முதல் இரண்டு பந்துகளையும் அடிக்காமல் விட்டுவிட்டு, மூன்றாவதில் தவறிப்போகிறான். நடுவரைக் கொல்லவேண்டும் என்று கூட்டம் கத்தும்போது கையை உயர்த்தி அமர்த்துகிறவனும் அவனே. அப்போது அவன் முகத்தில் தோன்றும் புன்னகையைக் கிறிஸ்தவத்தின் பெயரைச் சொல்லியே கவிஞர் கேலி செய்கிறார். நமக்குச் சற்றுச் சுடத்தான் செய்கிறது.

கேசியின் கதையைச் சொல்லும்போது 2010 ஜூன் 2 அன்று டெட்ராய்ட் நகரில் நடந்ததையும் சேர்த்துச் சொல்லுங்கள். அர்மாண்டோ கலராகா என்னும் பந்தெறி வீரர், எதிரணியின் இருபத்தாறு பேரையும் ஒருவர்கூடத் தளம் சேராதபடி ஆட்டமிழக்கச் செய்திருந்தார். இருபத்தேழாமவரும் ஆட்டமிழந்தால் அது நிறைவான ஆட்டம். வெகு சிலரே எட்டிய சாதனை. அவரும் ஆட்டமிழந்தார். ஆனால் நடுவர் ஜிம் ஜாய்ஸ் இல்லை என்று தவறாகத் தீர்ப்புச் சொல்லிவிட்டார். கலராகா புன்னகைத்துவிட்டு, திரும்பிப்போய் அடுத்தவருக்குப் பந்தை எறிந்தார். ஆட்டம் முடிந்து ஒளிப்பதிவைப் பார்த்த ஜாய்ஸ், தம் தவற்றை மறைக்காமல் அறிக்கையிட்டு, கலராகாவிடம் நேரில் மன்னிப்புக் கேட்டார். மறுநாள் ஆட்டத்துக்கு முன் அணியின் பெயர்ப்பட்டியலை நடுவரிடம் கொண்டுவந்து கொடுத்தவர் கலராகாவே. ஜாய்ஸ் கண்ணீரைத் துடைத்துக்கொண்டதை அரங்கமே கண்டது.

பெற்றோரைப் பற்றியும் ஒரு வார்த்தை. பென்சில்வேனியா மாநிலத்தில் 1939இல் மூன்றே அணிகளோடு தொடங்கிய லிட்டில் லீக் என்னும் சிறுவர் பேஸ்பால் அமைப்பு, இன்று பல நாடுகளில் பரவியிருக்கிறது. அதன் ஆட்டங்கள் முடிந்ததும் இரு அணிப் பிள்ளைகளும் வரிசையாக நின்று ஒருவரையொருவர் கைதட்டிச் செல்வது வழக்கம். அந்த வரிசையில் நிற்கக் கற்றுக்கொண்ட பிள்ளைகளின் பெற்றோரோ, பலகையிருக்கைகளில் அமர்ந்து நடுவர்மேல் கத்துவதும், தம் பிள்ளை தவறவிட்ட பந்துக்காகத் திட்டுவதும் அங்கே பழைய தொல்லை. அமெரிக்காவுக்கு மட்டும் உரிய தொல்லையா அது? ரேங்க் அட்டையைக் கையில் வாங்கியதும் "உன் வகுப்பில் முதலாவது வந்தது யார்?" என்று கேட்கிற நாமும் அந்த இருக்கையில்தான் அமர்ந்திருக்கிறோம்.

நான் சொன்னவற்றில் படப்புத்தகங்களை ஆறு வயதுப் பிள்ளைக்கும் வாசித்துக்காட்டலாம். முகாம் கதைக்கு மட்டும் சற்று விளக்கம் தேவைப்படும். ஷெர்லியின் நாவல், தானாக ஆங்கிலம் வாசிக்கும் எட்டு வயதுக்கு மேற்பட்ட பிள்ளைக்கு ஏற்றது. ஆங்கிலம் சரளமாக வராத தாய்மார் தயங்கவேண்டாம். பிள்ளை வாசித்து உங்களுக்குத் தமிழில் சொல்லட்டும்.

அந்த நாவலின் முடிவைச் சொல்லிவிடுகிறேன். 1947 அக்டோபரில் டாட்ஜர்ஸ் அணி உலகத் தொடரின் ஏழாவது ஆட்டம்வரை போராடி யாங்கீஸிடம் தோற்றுப்போயிற்று. அது வரலாறு, ஆசிரியை அதை மாற்றவில்லை. வானொலியருகே உட்கார்ந்து அந்த ஆண்டு முழுவதும் ஏங்கிய ஷெர்லியின் அணி தோற்கிறது. அந்த அணி முதன்முறையாக உலகத் தொடரை வென்றது 1955இல். அதற்குள் ஷெர்லி பதின்வயதில் பாதியைக் கடந்திருப்பாள். ஆனால் தோற்ற அணியின் வீரரான ஜாக்கி ராபின்சன் அவளுடைய பள்ளிக்கு வருகிறார். எல்லாப் பிள்ளைகளும் பார்த்துக்கொண்டிருக்க, பள்ளியின் திறவுகோலை அவர் கையில் கொடுக்க மேடையேறுகிறாள், முன்பு தவளைக்கு உறுதிமொழி சொன்ன சிறுமி.